ஆரெண்டாலும்

குருநகர் இறங்குதுறையில்
வியாழன் விடியப்புறம், நாற்பது பேர் கேட்க
மரிய கொறற்றி சொன்னதாவது:
"இந்தச் சனியன் பிடிச்ச எஞ்சினை
ஆரெண்டாலும் ஆயிரம் ரூபாய்க்குத்
தூக்கிக்கொண்டு போங்கோ."

வெள்ளி காலை பெனடிக்ற் போனார்.
கையில் ஒற்றை ஆயிரம் ரூபாய்த் தாள்,
சாட்சிக்கு மச்சான்,
ஏற்றிவர லாண்ட்மாஸ்டர்.
அவ கதவைச் சாத்தினா.

திங்கள், எங்கள் கந்தோர்.
சட்டத்தரணி வாகீசன் சொல்லச் சொல்ல
நான் தட்டச்சு அடிக்கிறேன்.
பொருள்? இருபத்தைந்து குதிரைவலு எஞ்சின், ஒன்று. தெளிவு.
விலை? தெளிவு.
ஆருக்கு? ஆரெண்டாலும் என்றால் ஊருக்கே;
ஊருக்குச் சொன்ன முனைவை
ஊரில் ஒருவர் ஏற்கலாம்.
இடையில் மீளப்பெற்றாவா? இல்லை.
காற்புள்ளிகூடப் பிழைக்காத கடிதம்.

கையெழுத்து வைக்கும் நேரம்
சேர் கண்ணாடியைக் கழற்றினார்.
"அப்ப புருசன் கரைக்கு வந்து எவ்வளவு நேரம்?"

"காமணித்தியாலம் இருக்கும்.
எஞ்சின் நிண்டு ரெண்டு ராத்திரி
நீரோட்டத்தில அள்ளுப்பட்டவன்.
உதடெல்லாம் வெடிச்சு, தண்ணி குடுக்கச் சத்தி.
அவ எஞ்சினுக்கு உதைச்சு உதைச்சு
கால்விரலால ரத்தம்."

"அதுக்குள்ள சொன்னது
உமக்கு விலையாவோ கேட்டது, பெனடிக்ற்?"

நான் விசையிலிருந்து கையை எடுத்தேன்.
இந்த இடத்தில் சட்டம் மிகச் சின்னது:
சொன்னவர் கட்டுப்பட நினைத்தாரா,
கேட்டவர் அப்படி நம்ப நியாயம் இருந்ததா.

பெனடிக்ற் மேசைக் கண்ணாடியில்
இல்லாத தூசியைத் துடைத்தார்.
"அந்த ரெண்டு ராத்திரியும் தேடினது
என்ர படகு சேர்.
நெடுந்தீவுக்கு அங்காலயும் போனனான்.
மண்ணெண்ணெய் மட்டும் அறுபதாயிரம்.
வலை நனையேல்லை.
அவன் வந்து சேர்ந்தாப் பிறகு
ஒருத்தரும் என்னட்டை ஒண்டும் கேக்கேல்லை.
அதுதான், எஞ்சினைக் கழட்டி
உதிரியா வித்தாலாவது..."

"தேடச் சொல்லி அவ கேட்டவவோ?"
"இல்லை."
"இவ்வளவு தாறன் எண்டு ஆரும்?"
"ஆர் சேர் சொல்லுவினம்.
இருட்டிப்போச்சு, வெளிக்கிட்டன்."

அதிலும் முனைவு இல்லை.
சேர் அதை வாய்விட்டுச் சொல்லவில்லை.
நான் உருளையைத் திருப்பிக்
கடிதத்தை வெளியே எடுத்தேன்.
அது கிழியாமல் வந்தது
எனக்குக் கொஞ்சம் எரிச்சலாக இருந்தது.

சுவரில் பலகை: ஆலோசனை ரூபா 1000.
அது முனைவா, வெறும் அழைப்பா என்று
பின்னேர வகுப்பில் எனக்கு
நாலு பக்கக் குறிப்பு இருக்கிறது.
பெனடிக்ற் கேட்கவில்லை.
மடிப்பில் உப்புப் பூத்த அந்தத் தாளை
மைப்பெட்டிக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு
வாசலில் செருப்பைத் தேடினார்.

பற்றுச்சீட்டில் அவருடைய முழுப்பெயரை எழுதிக்கொண்டு
யன்னலால் பார்த்தேன்.
மச்சான் இன்றைக்கும்
லாண்ட்மாஸ்டரோடுதான் வந்திருந்தான்.
பெட்டிக்குள் சாக்கு விரித்து,
கயிறும் வைத்து.