ஓரெழுத்து

பிளஃப் துறைமுகத்தில்
யாரைச் சாப்பிடக் கூப்பிட்டாலும் நான் ஓடுவேன்.
மாவோரி மொழியில் கை என்றால் உணவு.
மராயே கூடத்து வாசலில் நின்று
ரிபெகா சித்தி "கை ஆயிற்று, வாருங்கள்" என்றால்
அறுபது பேருக்கு முன்னால்
கால்சட்டையைப் பிடித்துக்கொண்டு போய் நிற்பேன்:
"என்ன சித்தி?"

பிள்ளைக்குப் போய்ச் சோறு என்று பேர் வைப்பார்களா
என்று ஊரே கேட்டதாம்.
அம்மாவுக்குக் கடல் வேண்டியிருந்தது.
ஹவாய்த் தீவுகளில் கை என்றால் கடல்.
அதே கடல் எங்கள் பக்கம் தை.
ஓர் ஊர்த் தகரம் இன்னோர் ஊரில் ககரம்;
நடுவில் அத்தனை தண்ணீர்,
எழுத்து துருப்பிடிக்காமல் என்ன செய்யும்.

இன்னொரு கதையும் வைத்திருந்தாள்.
அவள் பெயர் ஙாயோ. உப்புக்காற்றில் நிற்கும் ஒரு மரம்.
தெற்கத்தி நாக்குக்கு ஙகரம் வராது,
எங்களூரில் அவள் கையோ.
"ஓகாரத்தை நான் வைத்துக்கொண்டேன்,
மிச்சத்தை உனக்குக் கொடுத்தேன்"
என்பாள், கோபமில்லாத நாட்களில்.
கோபம் வந்தால்:
"பேர் வைத்தது உன் அப்பன். அவனைக் கேள்."

அப்பா யால்மரி, பின்லாந்தின் கொத்காக்காரர்,
கப்பலின் இயந்திர அறையிலிருந்து இறங்கியவர்
திரும்ப ஏறவில்லை.
எதைக் கேட்டாலும் தோளை உயர்த்துவார்.
வலது தோள் மட்டும்.

ஒன்பது வயதில், பிஸ்கட் டப்பாவில்
கடிதங்களைக் கண்டுபிடித்தேன்.
தன் அக்கா ஔனேக்கு எழுதி, அனுப்பாமல் விட்டவை.
ஒரு சொல் புரியவில்லை, என் பெயரைத் தவிர.
முதல் பக்கத்தில் நான்கு கை.
அடுத்ததில் ஏழு.
பென்சிலால் புள்ளி வைத்து எண்ணினேன்.
எல்லாம் சின்ன எழுத்தில்.
பெயரைப் பெரிய எழுத்தில் தொடங்க வேண்டும் என்பது
பாவம், அவருக்குத் தெரியவில்லை. மன்னித்தேன்.
அந்த வாரம் பள்ளிக்கு நிமிர்ந்து நடந்தேன்:
வாய் திறக்காத மனிதர்,
என்னைப் பற்றி இவ்வளவு எழுதுகிறார்.

முப்பத்தொன்றில், அவர் போன பிறகு,
டப்பாவைக் கொத்காவுக்கு எடுத்துச் சென்றேன்.
ஔனே அத்தை காப்பியைத் தள்ளி வைத்தாள்,
கண்ணாடியைப் பாவாடையில் துடைத்தாள்,
படித்தாள், நிறுத்தினாள்.
அரைகுறை ஆங்கிலத்தில் மெதுவாகச் சொன்னாள்:
இது உன் பெயர் இல்லையப்பா.
எங்கள் மொழியில் கை என்றால்
ஒருவேளை. போலும். இருக்கலாம்.

கோடையில் வருவேன் கை.
பணம் போதும் கை.
இங்கே யாரும் என்னை வெறுக்கவில்லை கை.
பென்சில் புள்ளிகள் அப்படியே இருந்தன,
நூற்றுப் பதினான்கு சந்தேகங்களின் தலையில்.

டப்பாவின் அடியில் ஒரு தாள் மிச்சம்.
தேதி, நான் பதினொரு நாள் கைக்குழந்தையாய் இருந்தபோது.
நடு வரியில் ஒரே ஓர் எழுத்து
மற்றவற்றைவிடப் பெரியது.
பெரியதுதானா, பேனா வழுக்கியதா?
அதன் பின்னால் இருப்பது
முற்றுப்புள்ளியா, இயந்திர எண்ணெயா?
ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தோம்.
வெளியே உறைந்த கடல்; துறையில் ஒரு கப்பலும் இல்லை.

சின்ன எழுத்தானால், "இங்கே நலம் போலும்."
பெரிய எழுத்தானால், "இங்கே கை இருக்கிறான். நலம்."

எது அத்தை, என்றேன்.
அவள் தோளை உயர்த்தினாள்.
வலது தோள் மட்டும்.
"கை" என்றாள்.

பழக்கதோஷம்,
"என்ன அத்தை?" என்றேன்.