நாற்பதால் பெருக்கியது

ஒரு பாட்டிலுக்கான அளவு
பால் கணக்கு நோட்டின் பின்னட்டையில் இருந்தது.
தக்காளி எண்ணூறு கிராம். வெல்லம் ஒரு கைப்பிடி.
புளி நெல்லிக்காய் அளவு. பூண்டு ஆறு பல்.
உப்பு இரண்டு ஸ்பூன்.
காப்பித்தூள் ஒரு சிட்டிகை,
அதை மட்டும் யாருக்கும் சொல்வதில்லை.

கம்மனஹள்ளியில் கோழி இறக்கை சுட்டு விற்கிற
பிரசன்ன ஷெட்டி
நாற்பது பாட்டில் பார்பிக்யூ சாஸ் கேட்டார்.
வெள்ளிக்கிழமை கேட்டு, ஞாயிற்றுக்கிழமைக்கு.
பதினெட்டு வருடம் வங்கியில் இருந்தவள் நான்.
எல்லாவற்றையும் நாற்பதால் பெருக்கி
அடியில் இரட்டைக் கோடு போட்டேன்.

ஃபரீதா எட்டிப் பார்த்துக் கேட்டாள்:
நாற்பது கைப்பிடின்னா யாரோட கை?

அதற்கு என் நோட்டில் கட்டம் இல்லை.
என் கைதான், என்றேன்.

கோலார் தக்காளி ஒன்பது ரூபாய்க்கு விழுந்திருந்த வாரம்.
கலாசிபாளையத்தில் முப்பத்திரண்டு கிலோ எடுத்தோம்.
சிவாஜிநகரில் வாடகைக்கு எடுத்த தேக்சா
சமையலறை வாசலில் நுழையவில்லை.
சாய்த்தோம், திருப்பினோம், நிலையைச் சுரண்டினோம்.
அதன் கழுத்தில் யாரோ ஒரு ஹாஜியின் பெயர் வெட்டியிருந்தது.
அந்தப் பெயரைப் பிடித்துத் தூக்கி
மொட்டைமாடிக்கு ஏற்றினோம்.

பூண்டு இருநூற்று நாற்பது பல்.
உரித்து முடித்தபோது
பத்து நகக்கண்ணும் தீப்பிடித்திருந்தது.
விருப்ப ஓய்வுப் படிவத்தில் கையெழுத்துப் போட்டபோதுகூட
விரல் இப்படி எரியவில்லை.

கொதிக்க ஆரம்பித்ததும் அது துப்பியது.
கெட்டிப்படப் போகிற எதுவும்
முதலில் துப்பும் போலிருக்கிறது.
முதல் துளி என் முழங்கையில்.
ஃபரீதா கீழே போய்
கை எட்டாத மகனுடைய ரெயின்கோட்டைப் போட்டு,
ஸ்கூட்டர் ஹெல்மெட் மாட்டி,
கண்ணாடியை இறக்கிவிட்டுக்கொண்டு வந்து
துடுப்பை வாங்கினாள்.
லிங்கராஜபுரம் மேம்பாலத்தில் போனவர்கள்
என்ன நினைத்தார்களோ.

ஒரு பாட்டிலுக்கு நாற்பது நிமிடம்.
நாற்பதுக்கு எவ்வளவு என்று
எந்த வாய்ப்பாடும் சொல்லவில்லை.
தண்ணீர் வெளியேற இருப்பது ஒரே வாய்.
நான்கு மணிக்கு ஏற்றியது
எட்டரைக்கும் ரசமாகவே இருந்தது.

உப்பை எண்ணித்தான் போட்டேன்.
முப்பத்தொன்றில் ஒரு ரயில் போனது.
சந்தேகம் வந்து
இருபத்தொன்பதிலிருந்து மறுபடி தொடர்ந்தேன்.
ஐம்பதுக்கு மேல் கை சலித்து
ஸ்பூன் கூம்பிக் கூம்பி வந்திருக்கும்.

ஒன்பதரைக்கு அவள் ருசி பார்த்தாள்.
ஒன்றும் சொல்லாமல் ஹெல்மெட்டைக் கழற்றினாள்.

கடல், என்றாள் பிறகு.
இனிப்பு?
இனிப்பு உன் கை சைஸ்.

உருளைக்கிழங்கு போடலாமா என்றேன். முறைத்தாள்.
பானஸ்வாடி வரை ஸ்கூட்டரில் போய்
தார்ப்பாய் போர்த்திய ஒரு தள்ளுவண்டியை எழுப்பி
பத்து கிலோ, முப்பது ரூபாய் வீதம்.
பேரம் பேசத் தெம்பில்லை.

நள்ளிரவு தாண்டித்தான்
துடுப்பு போன தடம் உடனே மூடாமல் நின்றது.
கனன்ற கரித்துண்டைக் கிண்ணத்தில் வைத்து மிதக்கவிட்டு
ஒரு சொட்டு நெய் விட்டு மூடினோம்.

கீழ்வீட்டு வரதராஜுலு
லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு
சண்டைக்கு ஏறி வந்தார்.
மூடியைத் திறந்த நேரம் அது.
நின்றார்.
இரண்டு முறை மூச்சை இழுத்தார்.
கீழே கொஞ்சம் ரொட்டி இருக்கு, என்றார்.

நாற்பது பாட்டில் நிறைந்தும் தேக்சா காலியாகவில்லை.
பூஸ்ட் டப்பா, ஊறுகாய் ஜாடி,
பையனின் பள்ளித் தண்ணீர் பாட்டில்.
பன்னிரண்டு பாட்டில் அளவு அதிகம்.
கணக்கில் வராதது, அதனால் விற்கவில்லை.
தெருவில் பாதிப் பேருக்கு
ஞாயிறு மதியம் விரல் சிவந்திருந்தது.

ஷெட்டி தந்ததில் செலவு போக
ஆயிரத்து எழுநூற்றுச் சொச்சம்.
இரண்டால் வகுத்தோம். வகுத்தல் சுலபமாக வந்தது.
சொச்சத்துக்கு டீ.

தலைமுடியில் இன்னும் புகை.
நோட்டை எடுத்து
இரட்டைக் கோட்டுக்கும் கீழே எழுதினேன்:
உப்பு அறுபது போதும்.
நேரம், ஆகும்வரை.
கைப்பிடி, ஃபரீதாவுடையது.