பயனர் எண் இரண்டு

பினாங்கு, ஜாலான் பர்மா, நான்காம் மாடி.
சன்னல் கிடையாது. குளிர்சாதனத்தைப்
பிணவறைக்கு வைப்பதுபோல் வைத்திருப்பார்கள்.
இரவு பதினொன்றிலிருந்து காலை ஏழுவரை
ஆயிரத்து அறுநூறு வீடுகள்
திறப்பதும் அடைப்பதும்
என் திரையில் வரிவரியாக ஏறும்.

விஷயம் இவ்வளவுதான்:
கதவில் காந்தம், நிலையில் அதன் ஜோடி.
பிரிந்தால் சுவரிலிருக்கும் பெட்டி
முப்பது வினாடி எண்ணும்.
ரகசிய எண்ணை அழுத்தினால் அடங்கும்.
அழுத்தாவிட்டால் ஊரைக் கூட்டும்;
கூட்டுகிறபோதே என்னிடமும்
கோள் சொல்லிவிடும்.

பெரும்பாலும் பல்லி.
அல்லது பிறந்தநாள் முடிந்து மூன்றாம் நாள்
கூரையைவிட்டு மெல்ல இறங்கும் பலூன்.
தஞ்சோங் பூங்காவில் ஒரு குரங்கு
ஒரே சமையலறைக்குள் மூன்று முறை நுழைந்தது.
அதற்கும் ஒரு கோப்பு உண்டு.

பொருத்துகிற அன்றைக்கே
ஒவ்வொருவரும் இரண்டு சொல் எழுதித் தருவார்கள்.
முதல் சொல்லைச் சொன்னால்
ஒன்றுமில்லை என்று பொருள்.
இரண்டாம் சொல்லுக்கும் நான் அதே குரலில்
"சரிங்க, நன்றி" என்பேன்.
பிறகுதான் பதறுவேன்.

கிரீன் லேன் பக்கம் ஒரு மாடி வீடு. கணக்கு 4471.
பயனர் ஒன்று தனசேகர். பயனர் இரண்டு வனஜா.
இரவு 1.52. அவசரப் பொத்தான்.
கதவுகளைப் பார்த்தேன். எல்லாம் மூடியிருந்தன.
சன்னல், பின்கதவு, கார் நிறுத்துமிடம்,
எந்தக் காந்தமும் பிரியவில்லை.
வெளியிலிருந்து எவனும் வரவில்லை.

எடுத்தது பெண் குரல்.
"கை பட்டுடுச்சிங்க. தெரியாம."
பின்னால் யாரோ நாற்காலியை இழுத்தார்கள்.
"உங்க சொல்?"
"நெல்லி."
திரையில் முதல் சொல் கொய்யா.
"சரிங்க, நன்றி. நிம்மதியா தூங்குங்க."
இதைச் சொன்ன வாயை
விடியும்வரை கொப்பளித்துக்கொண்டே இருந்தேன்.

பக்கத்து இருக்கை ஹஃபிஸ் அதற்குள்
போலீசுக்குச் சொல்லிவிட்டிருந்தான்.
2.09க்கு ரோந்து வண்டி.
பதிவில் ஒரே வரி:
வந்தார்கள், பேசினார்கள், திரும்பினார்கள்.
என்ன பேசினார்கள் என்பதற்குக் கட்டம் இல்லை.

மறுநாள் இரவு அவர் அழைத்தார்.
"மாசாமாசம் நூத்தி இருபது வெள்ளி கட்டுறவன் நான்.
அவ பேர்ல இருக்கிற வார்த்தையெல்லாம் எடுத்துடுங்க."
விதிப் புத்தகத்தைத் தொடாமலே சொன்னேன்:
"அவங்கவங்க சொல்லை அவங்கவங்கதான் அழிக்க முடியும், சார்."
அப்படி ஒரு விதி உண்டா என்று
பேசி முடித்த பிறகுதான் தேடினேன்.
இருந்தது. பதினேழாம் பக்கம், பொடி எழுத்தில்.

அதன்பின் பத்து நாள்
பரீட்சை முடிவு பார்ப்பதுபோல்
4471ஐத் தேடித் தேடிப் படித்தேன்.
11.10. பூட்டியவர்: பயனர் ஒன்று.
6.45. திறந்தவர்: பயனர் ஒன்று.
அதிகாலை மூன்றுக்குத் தினமும்
பெட்டி மட்டும் "இருக்கிறேன்" என்று ஒரு குறி அனுப்பும்.
யார் இருக்கிறார்கள் என்று சொல்லாது.

பதினோராம் நாள், 5.38.
திறந்தவர்: பயனர் இரண்டு.
முன்கதவு பிரிந்தது.
பிரிந்தபடியே நாலு நிமிடம்.
பெட்டி கனமாக இருந்திருக்கலாம்.
பிள்ளை தூக்கத்தில் சிணுங்கியிருக்கலாம்.
முன்கதவு சேர்ந்தது.
பூட்டியவர்: பயனர் இரண்டு.
முழுப் பூட்டு.
ஆள் இல்லாத வீட்டுக்குப் போடுவது.

6.31. கூடத்தில் அசைவு.
தே ஓ கோப்பையை நிதானமாக வைத்துவிட்டு
அழைத்தேன்.
"கட்டுப்பாட்டு அறை, குணவதி பேசுறேன்.
உங்க சொல்லைச் சொல்லுங்க, சார்."
அலாரத்துக்கு மேல் அவர் கத்தினார்,
வனஜா, வனஜா என்று.
"அது இல்லீங்க" என்றேன்.
கொஞ்ச நேரம் அலாரம் மட்டும்.
"கொய்யா" என்றார்.

சொல் சரி.
தவறான எச்சரிக்கை என்று பதிந்து
அடுத்த வரிக்குப் போனேன்.