கூட்டக் குறிப்பில் இல்லாதவை

கூட்டக் குறிப்பு எழுதுவது என் வேலை.
வோல்ட்டா ஆற்றுக்குக் கிழக்கே எங்கள் சிற்றூர் மன்றம்:
பதினொரு நாற்காலி, ஒரு மின்விசிறி,
அதுவும் குரல் உயர்ந்த பக்கமே திரும்பும்.

பள்ளி வாசலில் டெலாலியை லாரி தட்டிய மறுவாரம்.
ஒன்பது வயது. இடுப்பெலும்பு.
பாதிரியார் அக்பாலு எழுந்தார்:
ஓட்டுநர் மனம் மாறாமல் ஒன்றும் மாறாது.
எழுதினேன்.
தலைமையாசிரியை: பிள்ளைகளுக்குச் சாலை விதி, வாரம் ஒரு பாடம்.
எழுதினேன்.
வானொலிக்காரர் ஒரு பாட்டையே கொண்டுவந்திருந்தார்,
மேசையில் தாளம் போட்டார்.
ஜவுளிக்கடை க்பெடோ
அறுநூறு மஞ்சள் மேலாடை என்றார்.
எந்தக் கடையில் வாங்குவது என்று யாரும் கேட்கவில்லை.
கைதட்டல் எல்லாருக்கும் கிடைத்தது.
எழுதினேன்.

சாலைத் துறையில் கடைநிலைப் பொறியாளர் செடினாம்
பேசாமல் இரண்டு பால்மாவு டப்பாக்களை
மேசைமேல் வைத்தாள்.
மூன்று நாள்
சோள உருண்டை விற்பவளின் நிழலில் உட்கார்ந்திருக்கிறாள்.
வேகம் குறைத்த வண்டிக்கு வலது டப்பாவில் ஒரு சோளம்,
குறைக்காததற்கு இடது.
இடது டப்பா மூடவில்லை.

"மெல்லச் செல்க என்று பலகை ஏற்கெனவே இருக்கிறது.
ஆடுகள் அதில் முதுகு சொறிகின்றன.
பிப்ரவரி வரை அங்கே ஒரு குழியும் இருந்தது."

இருந்தது. எங்களுக்குத் தெரியாததா.
அதைத் தூர்க்கச் சொல்லி மன்றம் அனுப்பிய
பன்னிரண்டு மனுவும் என் கையெழுத்து.
அமைச்சர் வருகிறார் என்றதும்
ஒரே இரவில் தார் ஊற்றினார்கள்.
நாங்கள் நடந்து பார்த்தோம், கன்னம் போல வழவழப்பு.

"குழி இருந்த நான்கு வருடம்
அந்த வாசலில் யாரும் அடிபடவில்லை.
நான்கு சிறிய எண். தற்செயலாகவும் இருக்கலாம்.
அதனால் ஆற்றங்கரைப் பள்ளிக்கும் போனேன்,
அங்கே வேகத்தடை உண்டு."
இன்னொரு ஜோடி டப்பா.
இம்முறை வலது நிறைந்திருந்தது.

குழியைத் திரும்பத் தோண்டச் சொல்கிறாயா?
சிரிப்பு.
"கவிழ்த்துப் போடச் சொல்கிறேன்."

மேலாடைக்குள்ள பணமும் மேட்டுக்குள்ள பணமும் ஒன்றே.
இரண்டுக்கும் இல்லை.
ஆறுக்கு ஐந்து.
க்பெடோ இன்றுவரை என் வணக்கத்தை வாங்குவதில்லை,
எனக்கு வாக்கே கிடையாது என்பதை அவரிடம் யார் சொல்வது.

மேடு வந்தது. ஊர் வாயும் வந்தது.
ட்ரோட்ரோ ஓட்டுநர்கள் அவள் பிறப்பை விசாரித்தார்கள்.
ஒரு தக்காளி லாரி பாதிச் சரக்கைச் சிந்திவிட்டுப் போனது.
பிரசவ வலியோடு வந்த பெண்ணை
ஆம்புலன்ஸ் தூக்கிப்போட்டதென்று
அவள் அண்ணன் அலுவலகக் கதவை உதைத்தான்.
செடினாம் அவனுக்கு நாற்காலி போட்டாள்,
முழுக்கக் கேட்டாள்.
அன்று மாலை அளவுகோலோடு போய்ச் சரிவை அளந்தாள்,
மறுநாள் நாலு விரல் செதுக்கினார்கள்.
மறுபடி டப்பா, மறுபடி சோளம்:
நிழல்காரி பெட்டியை மேட்டருகே நகர்த்தியிருந்தாள்,
மெல்லப் போகிறவர்களுக்குத்தானே பசிக்கிறது.
பிள்ளைகள் பெட்டியைச் சுற்றிச் சாலையில் நின்றார்கள்.
"இதை நான் நினைக்கவில்லை" என்றாள்,
தடுப்புக் கம்பிக்கு விண்ணப்பம் எழுதினாள்.
அது இன்னும் மேலிடத்தில் இருக்கிறது.

மாத அறிக்கையில் விபத்து என்றொரு கட்டம்.
ஏதுமில்லை என்று எழுதுகிறேன்.
ஏழு மாதமாக அதே சொல்.
யார் பிழைத்தது என்று கேட்டால்
ஒரு பெயரும் சொல்ல முடியாது.
அதனால்தானோ என்னவோ
அடுத்த ஆண்டுப் பட்டியலில்
பாட்டுக்கு மறுபடி பணம் கேட்கிறார்கள்.

இன்று காலை டெலாலி
ஊன்றுகோலோடு சாலையைக் கடந்தாள்.
அவசரப்படவில்லை, நடுவில் நின்று
கோலின் ரப்பர் முனையைத் திருகிச் சரிசெய்தாள்.
சிமெண்ட் லாரி ஒன்று மேட்டில் மூக்கைத் தாழ்த்தி
நின்றது.
ஓட்டுநர் தலையை வெளியே நீட்டி
என் பேனா தாங்காத ஒரு வார்த்தையை
மேட்டைப் பார்த்துச் சொன்னான்.
அவளைப் பார்த்தல்ல.