இருபத்தேழாவது வீடு

வியாழக்கிழமை பின்னேரம்
முத்தையன்கட்டு வாய்க்காலோரச் சபையில்
தகரக் கூரைக்குக் கீழே
போதகர் ஞானசேகரம் சொன்னார்:
உலகத்துக்கு அத்திவாரம் போட முன்னமே
பெயர்கள் எழுதியாயிற்று.

எனக்குச் சிரிப்பு வந்தது.
இருமலாக மாற்றிக்கொண்டேன்.
என் மேசை லாச்சிக்குள்
அத்திவாரம் போடாத இருபத்தேழு வீடுகளுக்கு
நானும் பெயர் எழுதி வைத்திருந்தேன்.
அடுத்த நாள்தான் பொதுக்கூட்டம்.
சனம் வரும், கை உயர்த்தும், அழும்,
இரண்டொருவர் என்னைத் திட்டுவார்கள்.
பட்டியல் லாச்சிக்குள் அசையாமல் கிடக்கும்.
செபத்தை நினைத்து
அன்றைக்குத்தான் முதல்தரம் பயந்தேன்.

பியோன் கந்தவனம் இதைத் தலையெழுத்து என்பார்.
போதகர் முன்குறித்தல் என்கிறார்.
கச்சேரியிலிருந்து வந்த சுற்றுநிருபத்தில்
இதற்குப் பெயர் புள்ளித்திட்டம்.

பெண் தலைமைக் குடும்பம், நான்கு.
அங்கவீனம், மூன்று.
போரில் இறப்பு, ஆளுக்கு இரண்டு.
ஒரு வயிற்றில் கிடந்த இரட்டையரில்
ஒருவனுக்கு மட்டும் அன்பு விழுந்ததாமே,
அங்கே புள்ளி எப்படிப் போட்டார்கள்?
போதகர் அடுத்த பக்கத்துக்குப் போய்விட்டார்.

இருபத்தாறு பேர் சுலபம்.
கடைசி வீட்டுக்கு இரண்டு பேர்.
தவமலர், பதினைந்து.
பக்கத்துக் காணி மதலேனம்மா, பதினாலு.

மதலேனம்மாவின் படிவத்தில்
மகன் அமலதாஸ், வயது முப்பத்தொன்று.
பத்தொன்பதில் காணாமற்போனவன்.
ஒவ்வொரு வருடமும், எந்தப் படிவமானாலும்,
ஒரு வயது கூட்டி எழுதுவிப்பாள்.
உயிருடன், இறப்பு:
இரண்டு பெட்டியும் வெறுமை.

"இறப்பெண்டு ஒரு கோடு போடுங்கோ அம்மா.
ரெண்டு புள்ளி கூடும். வீடு வரும்."

கதிரையில் இருக்காமலே சொன்னாள்:
"செத்தவனெண்டு எழுதிக் கட்டின வீட்டுக்குள்ள
எந்தக் கதவால பிள்ளை அவன் வாறது?"

வட்டுவாகல் பாலத்தைக் கடந்த அன்று
அவளுக்குத் தெரிவு என்று ஒன்றும் இருக்கவில்லை.
பன்னிரண்டு வருடம் கழித்து
பிளாஸ்டிக் பூச்சாடி வைத்த என் மேசைக்கு முன்னால்
ஒன்று கிடைத்தது.
அதை வைத்து வீட்டை வேண்டாம் என்றாள்.

சபை முடிந்து திரும்ப அலுவலகம் போனேன்.
ஆறரை மணி. கரண்ட் இல்லை.
மெழுகுதிரி, பென்சில், அவளுடைய படிவம்.
கிருபையை எதிர்க்க முடியாது என்று
போன கிழமை படித்திருந்தோம்.
ஒரு கோடு. அவளுக்குத் தெரியவே வராது.
கடவுளும் இப்படித்தான் செய்கிறாராக்கும்,
நாங்கள் நித்திரையாய்க் கிடக்க,
எங்களைக் கேளாமல்,
எங்களுக்கு நல்லதை.

போட்டேன்.
பதினாறு.
தவமலர் பட்டியலிலிருந்து விழுந்தாள்.
மூன்று பிள்ளை. கடைசிக்கு முட்டு வருத்தம்.
ஒருத்தியைத் தூக்கின அதே கோடுதான்
மற்றவளைத் தள்ளியதும்.
கோட்டுக்குக் கை நடுங்கவில்லை.
எனக்குத்தான் நடுங்கியது.

அழித்தேன். திரும்பப் போட்டேன்.
மூன்றாம் தரம் அழிக்கத் தாள் கிழிந்து
பெட்டி இருந்த இடத்தில் ஓட்டை விழுந்தது.
ஓட்டைக்குள்ளால்
அடியில் கிடந்த படிவத்தின் எழுத்தொன்று தெரிந்தது:
த.

வெள்ளிக்கிழமை இருபத்தேழு பெயரும் வாசித்தேன்.
பின்வரிசையில் குடையை மடித்து வைத்திருந்த மதலேனம்மா
தான் எழுதின தீர்ப்பை
ஆரோ பிழையில்லாமல் வாசிக்கிறார்கள் என்பதுபோலத்
தலையாட்டினாள்.
போகிற வழியில் பார்த்தேன்,
அவளுடைய தறப்பாள் கொட்டிலுக்குக் கதவில்லை.

கந்தவனம் கோப்பைக் கட்டி அலுமாரிக்குள் வைக்க முன்
அவளுடைய படிவத்தை உருவி எடுத்தேன்.
தை பிறந்து நாலு நாள்.
முப்பத்தொன்றை வெட்டி
முப்பத்திரண்டு என்று எழுதினேன்,
பேனையால்.