இடப்பக்கம்

கடல் தின்றது போக மிஞ்சிய மைதானம்:
ஒரு கோல் நீரோடியில், மற்றது பொழியூரில்.
அதாவது ஒன்று தமிழ்நாடு, ஒன்று கேரளம்.
கழுத்தில் விசிலோடு கிளீட்டஸ் கத்துகிறான்:
"பாஸ் குடுல மக்கா, தலைய நிமித்திப் பாரு!"

எண்பத்தெட்டு, பாறசாலை செவன்ஸ், இறுதியாட்டம்.
இடப்பக்கம் ஆளில்லாமல்
கையைத் தூக்கியபடி நான்.
மூன்று பேரை வெட்டினான்;
நாலாமவன் காலில் கொண்டுபோய் வைத்தான் பந்தை.
தலை நிமிரவில்லை.
திரும்பிய லாரியில் யாரும் பேசவில்லை,
அவன் மட்டும் தூங்கினான்.

அப்புறம் அவனுக்குத் திருவனந்தபுரத்தில் மின்வாரிய டீம்,
பேப்பரில் படம், முட்டில் ஆணி.
எனக்குக் கரமடி.

இன்று பந்து உருண்டு
என் வலைமேல் வந்து நின்றது.
கையைத் தூக்கி நிற்கிறான்,
பக்கத்தில் யாருமில்லை.

இருக்கட்டும்.
பீடி முடியட்டும்.