மூன்றாவது ஓலை

மூன்று ஞாயிறு வாசிக்க வேண்டும் ஓலை.
இரண்டு வாசித்தாயிற்று.
"சவேரியான் மகன் பிலவேந்திரனுக்கும்
மிக்கேல் மகள் தெக்லாவுக்கும்…
தடை தெரிந்தவர்கள் சொல்லக் கடவார்கள்."
மூன்றாவதுக்கு முந்தின நாள்
சாமியார் பங்களாவில் போய் நின்றேன்.
தடை தெரிந்தவள் நான்தான் என்றேன்.

காரணம் சொல்லவில்லை. சொன்னால் சிரிப்பார்கள்.
மதுரையில் படித்துக்கொண்டிருந்தவன்
நான் எழுதின கடிதத்தைச்
சிவப்பு மையில் திருத்தித்
திருப்பி அனுப்பியிருந்தான்.
"கடல் இன்றைக்கு சும்மா கிடக்கிறது"
என்று எழுதியிருந்தேன்.
நடுவில் ஒரு ச் செருகி
வட்டம் கட்டியிருந்தான்.
கடலுக்கு என்ன என்று கேட்கவில்லை.

பத்து வருசத்தில்
உங்களுக்கெல்லாம் அவன் திரைவாணன்.
முதல் நாவல், முதல் வரி:
கடல் இன்றைக்குச் சும்மா கிடக்கிறது.
அதில் அந்த ச் மட்டும் அவனுடையது.

நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் நான் சாகிறேன்.
பேர் வேறு. இடது புருவத் தழும்பு என்னுடையது.
ஓலை நின்றுபோன பெண்
நிலா வெளிச்சத்தில்
காரங்காட்டுக் கடலுக்குள் நடந்து போகிறாள்.
அழுதார்களாம் நிறையப் பேர்.
தேவகோட்டையிலிருந்து ஒரு டீச்சர் தேடி வந்து
என் கையைப் பிடித்துக்கொண்டே இருந்தார்,
சூடு இருக்கிறதா என்று பார்க்கிற மாதிரி.
காப்பி கொடுத்து பஸ் ஏற்றி விட்டேன்.

வீட்டுக்காரர் ராயப்பன்
போட் எஞ்சின் மெக்கானிக்.
பேப்பரில் படம் மட்டும் பார்க்கிறவர்.
ராமநாதபுரத்துக்கு ஸ்பேர் வாங்கப் போனவர்
அந்தப் புத்தகத்தோடு வந்தார்.
கிரீஸ் விரலைச் சொல் சொல்லாக நகர்த்தி
அந்த ஒரு பக்கத்தை மட்டும்
ராத்திரி நெடுகப் படித்தார்.
நான் தூங்குகிற மாதிரி கிடந்தேன்.
விடியப் போகையில் கேட்டார்:
"ஏம்மா, அந்த இடத்துல தண்ணி
முழங்கால்தானே?"

முப்பது வருசமாயிற்று.
அதற்கு மேல் ஒன்றும் கேட்டதில்லை.

நண்டுக் கம்பெனியில் தராசு என் கையில்.
ஐஸோடு நிறுக்கச் சொல்வார்கள், வடித்துத்தான் நிறுப்பேன்.
அதற்காக இரண்டு தரம் வேலையை விட்டு நிறுத்தி
இரண்டு தரமும் கூப்பிட்டுக்கொண்டார்கள்.

போன வாரம் பிலவேந்திரனுக்குப் பெரிய விருது.
போட்டோ பிடிக்க வந்த பையன்
கடலைப் பார்த்து நில்லுங்கம்மா என்றான்,
கொஞ்சம் சோகமாக.
நீலக்கால் நண்டு நாற்பது கிலோ
வெயிலில் கிடந்தது.
தள்ளி நில் தம்பி, நிழல் தராசில் விழுது என்றேன்.

சாயங்காலம்
உயிர் இருக்கிற சினை நண்டுகளைப் பொறுக்கி
வாளியில் போட்டுக்கொண்டு கடலுக்குள் நடப்பேன்.
கம்பெனிக் கணக்கில் அது கழிவு.
கரையோரம் விட்டால் காக்கை கொத்தும்.
முதலில் சேறு, அப்புறம் தாழை காலைச் சுற்றும்,
அப்புறம் மணல்.
முழங்காலுக்குப் பத்து நிமிசம்.
இடுப்புக்கு இன்னும் இருபது.
அங்கே வாளியைக் கவிழ்ப்பேன்.
ஆரஞ்சுச் சினையைச் சுமந்துகொண்டு
பக்கவாட்டில் போகும், ஒன்றுகூடத் திரும்பாமல்.

கரையில் ராயப்பன்
டார்ச்சை அணைத்து அணைத்துப் போடுவார்.
நனைந்த சேலைக் கனத்தில்
வந்ததைவிடத் திரும்பத்தான்
நேரமாகும்.